முடிவு தெரியாமல் எழுதியவர்கள்
(புளியந்தோப்பில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு)



பிள்ளைகளின் நோட்டுகளைத் திருத்தியே ஆயுளைக் கழித்த ஓர் ஆசிரியரின் நினைவில் அமைந்தது இந்த அறக்கட்டளை. அவர் பெயரால் பேச வாய்ப்புக் கிடைத்தபோது, பிள்ளைகள் எழுதிய நோட்டுகளைப் பற்றியே பேசுவதுதான் முறை என்று தோன்றியது. யாரும் திருத்தாத, மதிப்பெண் போடாத நோட்டுகள் அவை. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் ஐரோப்பாவில் நாஜிகள் அறுபது லட்சம் யூதர்களைக் கொன்றார்கள். அவர்களில் ஏறக்குறைய பதினைந்து லட்சம் பேர் குழந்தைகள். அந்தக் குழந்தைகளில் சிலர் நாட்குறிப்பு எழுதினார்கள். அவற்றிலும் சிலவே நம் கைக்கு வந்து சேர்ந்தன. அவற்றிலிருந்து தொடங்கி நம்ம ஊருக்கு வந்து சேருவதாக உத்தேசம்.

1

போலந்து நாட்டில் லோட்ஸ் என்று ஒரு நகரம். நூற்பாலைகளும் நெசவாலைகளும் நிறைந்த ஊர். நம் பின்னி மில் சங்கு ஊதியதுபோல அங்கும் சங்கு ஊதித்தான் பொழுது விடியும். 1939 செப்டம்பரில் ஜெர்மன் படை அந்த ஊருக்குள் நுழைந்தது. 1940 ஏப்ரல் கடைசியில் ஊரின் ஏழ்மையான பகுதியைச் சுற்றி வேலி போட்டு, நான்கு சதுர கிலோமீட்டர் பரப்பளவுக்குள் ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட யூதர்களை அடைத்தார்கள். கெட்டோ எனப்பட்ட அந்த அடைப்புக்குள் பட்டறைகள் நடந்தன. ஜெர்மன் ராணுவத்துக்குச் சீருடை தைப்பதும் தோல் வேலை செய்வதும் அங்கே இருந்தவர்களின் தொழில். பக்கிங்காம் கர்நாடிக் மில் காக்கித் துணிக்குப் பேர்போனது என்பதை அறிந்த உங்களுக்கு, ராணுவ உடுப்பை நம்பி ஒரு பேட்டை பிழைப்பது என்றால் என்னவென்று நான் விளக்க வேண்டியதில்லை. ஆனால் இங்கே வேலை செய்தது கூலிக்காக. அங்கே வேலை செய்கிறவனுக்கு உயிரோடிருக்க அனுமதி, அதுவும் தற்காலிகமாக.

அந்த ஊர்ப் பையன் தாவித் ஷெராகோவியாக். 1939 ஜூன் 28 அன்று, பள்ளிக்கூடத்துக் கோடை முகாமில் இருந்தபோது எழுத ஆரம்பித்தான். வயது பதினான்கு, பதினைந்தாவது பிறந்த நாளுக்கு இன்னும் ஒரு மாதம் இருந்தது. கெட்டிக்கார மாணவன். மொழிகள் படிப்பான், மற்ற பிள்ளைகளுக்கு டியூஷன் எடுப்பான், அரசியல் பேசுவான். கெட்டோவுக்குள் போன பிறகு அவன் நோட்டில் ரொட்டி, உருளைக்கிழங்கு, முள்ளங்கி, அடுப்புக்கரி என்று ரேஷன் கணக்கு ஏறிக்கொண்டே போகிறது.

1942 செப்டம்பரில் பத்து வயதுக்குக் கீழ்ப்பட்டவர்கள், முதியோர், நோயாளிகள் எல்லோரையும் ஒப்படைக்க வேண்டும் என்று ஜெர்மானியர் கேட்டார்கள். ஒரு வாரத்துக்குள் பதினைந்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் செல்ம்னோ கொலைக்களத்துக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். தாவித்தின் அம்மாவை மருத்துவர்கள் வீட்டுக்கே வந்து பரிசோதித்து, பலவீனமானவர் என்று எழுதி, கூட்டிப் போய்விட்டார்கள். அன்றைய குறிப்பில் அவன் அம்மாவுக்காகக் கதறுகிறான். அதே பக்கத்தில் இன்னொன்றும் இருக்கிறது. அந்தக் களேபரத்தின் நடுவே, வீட்டில் ஒளிந்திருந்த உறவினர்கள் வைத்திருந்த சூப்பை அப்பா எடுத்துக் குடித்ததையும், அவர்கள் பையிலிருந்த சர்க்கரையைத் தின்றதையும் எழுதிவைத்திருக்கிறான். அதற்கு முன்பே, வீட்டாரின் பங்கு ரொட்டியில் அப்பா கைவைப்பதைப் பல நாள் எழுதியிருக்கிறான்.

பிழைத்து வந்தவர்கள் பின்னாளில் நினைவிலிருந்து எழுதும்போது இதை எழுதுவார்களா? பெரும்பாலும் எழுதமாட்டார்கள். செத்துப்போன அப்பாவைப் பற்றி எந்தப் பிள்ளை அப்படி எழுதுவான்? பசி ஒரு தகப்பனை என்ன செய்யும் என்று நமக்குத் தெரிய வந்தது, அந்தப் பையன் அன்று ராத்திரியே கோபம் ஆறுவதற்கு முன் எழுதியதால்தான். அப்பா 1943 மார்ச்சில் இறந்தார். தாவித்தின் குறிப்பு ஏப்ரலோடு நின்றுவிடுகிறது. ஆகஸ்ட் 8 அன்று, பத்தொன்பது வயதில், அவனும் இறந்தான்.

போர் முடிந்து அந்த வீட்டுக்குப் பழைய குடியிருப்பாளர் திரும்பி வந்தபோது, அடுப்படியில் பள்ளிக்கூட நோட்டுகள் கிடந்தன. கடைசிக் குளிர்காலத்தில் யாரோ குளிர் தாங்காமல் சிலவற்றை அடுப்பெரித்துவிட்டிருந்தார்கள். மிஞ்சியது ஐந்து நோட்டு. இன்று லோட்ஸ் கெட்டோவைப் பற்றி எழுதும் எந்த வரலாற்றாசிரியரும் அந்த ஐந்து நோட்டைத் தொடாமல் போக முடியாது.

அதே லோட்ஸில் இன்னோர் இளைஞன். பெயர்கூடத் தெரியவில்லை. எழுதக் காகிதம் இல்லாததால், அச்சிட்ட ஒரு பிரெஞ்சு நாவலின் ஓரங்களிலும் வெற்றுப் பக்கங்களிலும் 1944 மே முதல் ஆகஸ்ட் வரை எழுதினான். போலிஷ், இத்திஷ், ஹீப்ரு, ஆங்கிலம் என்று நான்கு மொழிகளில் எழுதினான். அவனோடு இருந்தது பன்னிரண்டு வயதுத் தங்கை மட்டும். ஆகஸ்டில் கெட்டோவைக் காலி செய்து மீதமிருந்தவர்களை ஆஷ்விட்ஸ் கொலைமுகாமுக்கு ரயிலேற்றினார்கள். புத்தகம் பிழைத்தது.

2

இளையோர் நாட்குறிப்பை ஏன் இவ்வளவு பெரிதாகப் பேசுகிறோம்? எழுதியவருக்கு முடிவு தெரியாது என்பதுதான் காரணம். நாம் படிக்கும்போது நமக்குத் தெரியும். ஆஷ்விட்ஸ் தெரியும், விஷவாயு தெரியும். எழுதுகிற பிள்ளைக்கோ நாளைக்கு ரேஷனில் என்ன போடுவார்கள் என்பதே பெரிய கேள்வி. நினைவுக் குறிப்பு எழுதுகிறவர் பின்னால் நடந்ததை வைத்து முன்னால் நடந்ததை ஒழுங்குபடுத்திவிடுகிறார். நாட்குறிப்பில் ஒழுங்கு கிடையாது. பயத்தோடு பக்கத்து வீட்டுப் பையனைப் பற்றிய பேச்சும் வரும். போலந்தின் பெட்ஜின் ஊரில் 1943இன் முதல் மாதங்களில் எழுதிய ருட்கா லாஸ்கியர் என்ற பதினான்கு வயதுப் பெண்ணின் நோட்டில், கண்ணெதிரே நடந்த கொடுமையும் வயசுக்கோளாறும் அடுத்தடுத்த பக்கத்தில் இருக்கின்றன. ஒரு சிறுமி கொலைக்களத்தின் வாசலிலும் சிறுமியாகவே இருந்தாள் என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டுமா?

ஆன் ஃபிராங்கை உங்களில் பலர் பள்ளியிலேயே கேள்விப்பட்டிருப்பீர்கள். 1942 ஜூன் 12, பதின்மூன்றாவது பிறந்த நாளுக்குக் கிடைத்த நோட்டில் தொடங்கினாள். ஆம்ஸ்டர்டாமில் அப்பாவின் அலுவலகக் கட்டடத்துப் பின்பகுதியில் ஒளிந்திருந்து இரண்டு ஆண்டு எழுதினாள். 1944 ஆகஸ்ட் 4 அன்று பிடிபட்டார்கள். 1945இன் தொடக்கத்தில் பெர்கன்-பெல்சன் முகாமில் இறந்தாள். அப்பா ஓட்டோ மட்டும் திரும்பி வந்தார். 1947இல் புத்தகம் வெளிவந்தது.

இந்தக் கதையில் பலரும் கவனிக்காமல் தாண்டிப்போகும் ஒன்று உண்டு. 1944 மார்ச் 28 அன்று, லண்டனிலிருந்து இயங்கிய டச்சு அரசின் அமைச்சர் போல்கஸ்டைன் வானொலியில் பேசினார். போர் முடிந்ததும் சாதாரண மக்களின் நாட்குறிப்புகளையும் கடிதங்களையும் சேகரிப்போம், பத்திரப்படுத்தி வையுங்கள் என்றார். ஒளிந்திருந்த அறையில் ஆன் அதைக் கேட்டாள். அதன் பிறகுதான் தன் குறிப்பைப் புத்தகமாக்கும் எண்ணத்தோடு தனித் தாள்களில் திருத்தி எழுத உட்கார்ந்தாள். போர் முடிந்த அதே மே மாதம் நெதர்லாந்தில் போர் ஆவணங்களுக்கான அரசு நிறுவனம் தொடங்கியது. அதனிடம் சேர்ந்த நாட்குறிப்புகள் 2,000த்துக்கும் மேல். கேட்க ஆள் இருந்தது. கொடுக்க ஊர் இருந்தது. ஆனின் நாட்குறிப்பு போலி என்று பின்னாளில் சிலர் கிளப்பியபோது, அதே நிறுவனம் கையெழுத்து, மை, காகிதம் எல்லாவற்றையும் ஆராய்ச்சிக்கு உட்படுத்தி 1986இல் முழுப் பதிப்பு கொண்டுவந்து அந்த வாயை அடைத்தது.

எழுதுகிறவர் ஒருவர், காப்பாற்றுகிறவர் இன்னொருவர். ஆனின் தாள்களைத் தரையிலிருந்து பொறுக்கி மேசை இழுப்பறைக்குள் வைத்தவர்கள் அலுவலகப் பெண்களான மீப் கீஸும் பெப் வோஸ்குய்லும். மீப் அவற்றைப் படிக்கக்கூட இல்லை; பிள்ளை திரும்பி வந்தால் கொடுக்கலாம் என்று வைத்திருந்தார். ருட்காவின் நோட்டை மாடிப்படிக்கு அடியிலிருந்து எடுத்த அவளுடைய தோழி, யூதரல்லாத ஸ்டானிஸ்வாவா சாபின்ஸ்கா, அறுபது ஆண்டுக்கும் மேலாகத் தன் வீட்டிலேயே வைத்திருந்துவிட்டு 2000த்துக்குப் பிறகுதான் வெளியே சொன்னார்.

3

இனி நம்ம பக்கம் வருவோம். அதற்கு முன் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். ஓர் இனத்தையே பூமியில் இல்லாமல் செய்ய ஓர் அரசு திட்டம் போட்டு, ரயில் விட்டு, ஆலை கட்டிச் செய்தது, ஐரோப்பாவில் நடந்த அந்தக் கொலை. நான் அடுத்துச் சொல்லப்போகிற எதையும் அதற்குச் சமமாக வைக்கவில்லை. என் கேள்வி பதிவைப் பற்றியது மட்டும். நம் மக்கள் மீது பெருந்துயரம் விழுந்தபோது, அதை அன்றன்றைக்கு எழுதி வைத்தவர் யார்?

தமிழனுக்கு நாட்குறிப்பு எழுதும் பழக்கமே கிடையாது என்று சிலர் சொல்வார்கள். அது தப்பு. இங்கிருந்து நடந்து போகும் தூரத்தில் உள்ள பெரம்பூரில் 1709இல் பிறந்தவர் ஆனந்தரங்கப் பிள்ளை. புதுச்சேரியில் பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேயின் துபாஷியாக, அதாவது மொழிபெயர்ப்பாளராக, இருந்தவர்; 1736 முதல் 1761 வரை இருபத்தைந்து ஆண்டுகள் தமிழில் தினசரி எழுதினார். ஆனால் அவர் துபாஷி. அவரிடம் காகிதம் இருந்தது, விளக்கு இருந்தது, உட்கார்ந்து எழுத ஓர் இடம் இருந்தது, பின்னால் அதைப் பாதுகாக்க வீடு இருந்தது. இந்த நான்கும் இல்லாதவர்கள் கதைதான் இங்கே பேச்சு.

1941 டிசம்பர் 23 அன்று ரங்கூன் மீது ஜப்பானிய விமானங்கள் குண்டு போட்டன. துறைமுகக் கூலிகள், அரிசி ஆலைத் தொழிலாளிகள், துப்புரவு வேலை செய்தவர்கள் என்று அங்கே உழைத்த இந்தியர்கள் ஓடத் தொடங்கினார்கள். 1942 மார்ச் 8 அன்று ரங்கூன் வீழ்ந்தது. ஏறக்குறைய ஐந்து லட்சம் இந்தியர்கள் பர்மாவை விட்டு வந்தார்கள். கப்பலில் வந்தவர் கொஞ்சம் பேர். பெரும்பகுதியினர் மலையும் காடும் தாண்டி நடந்தே வந்தார்கள். காலராவிலும் மலேரியாவிலும் பட்டினியிலும் ஆயிரக்கணக்கானோர் வழியிலேயே மடிந்தார்கள். பர்மா எல்லையிலுள்ள தமூவிலிருந்து மணிப்பூர் வரும் பாதையில் வெள்ளைக்காரர்களுக்கு ஒரு வழி, இந்தியர்களுக்கு வேறு வழி என்று பிரித்தும் விட்டார்கள்.

இதைத் தமிழில் விரிவாக எழுதி வைத்தவர் வெ. சாமிநாத சர்மா. ரங்கூனில் 'ஜோதி' பத்திரிகையை நடத்தியவர். மனைவி மங்களத்தோடு அந்த வழியை நடந்து கடந்தார். 'எனது பர்மா வழி நடைப்பயணம்' என்ற அவருடைய நூல் தமிழுக்குக் கிடைத்த பெரும் சொத்து. ஆனால் அவர் எழுதும்போது பழுத்த எழுத்தாளர். அந்தக் கூட்டத்தில் அம்மா இடுப்பிலும் அப்பா தோளிலும் வந்த பிள்ளைகள், தம்பியைப் பாதையோரம் விட்டுவிட்டு நடந்த அக்காள்கள், அவர்கள் கையில் நோட்டு இல்லை.

அதே ஆண்டில் சயாம்-பர்மா ரயில் பாதை வேலையும் தொடங்கியது. 1942இலிருந்து 1943 அக்டோபருக்குள் 415 கிலோமீட்டர் தண்டவாளம் போட்டு முடித்தார்கள் ஜப்பானியர். வெள்ளைக்காரப் போர்க் கைதிகள் அறுபதாயிரத்துக்கும் மேல் வேலை செய்தார்கள். பன்னிரண்டாயிரத்துக்கும் மேல் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்கள் அவர்களைப்போல் பல மடங்கு. மலேயா ரப்பர் தோட்டங்களிலிருந்து கொண்டுபோன தமிழர்கள் அதில் பெரும் கூட்டம். இறந்த ஆசியத் தொழிலாளர்களை மதிப்பீடுகள் தொண்ணூறாயிரம் அளவில் சொல்கின்றன. கைதிகள் திருட்டுத்தனமாக எழுதி, குப்பியிலும் மூங்கிலிலும் அடைத்துப் புதைத்த குறிப்புகள் பின்னாளில் புத்தகங்களாயின. ஆஸ்திரேலிய மருத்துவர் டன்லப்பின் நாட்குறிப்பு 1986இல் அச்சேறியது. காஞ்சனபுரிக் கல்லறைத் தோட்டத்தில் கைதிகளுக்குப் பெயர் பொறித்த வரிசைகள் நிற்கின்றன. தமிழ்த் தொழிலாளிகளின் கதை பெரும்பாலும் பிற்காலப் பேட்டிகளிலும், ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' போன்ற நாவல்களிலும்தான் நம்மை வந்தடைந்தது. துயரம் ஒரே பாதையில் நடந்தது. எழுத்தும் கல்லறையும் ஒரு சாராருக்கே வாய்த்தன.

4

புளியந்தோப்புக்கே வருகிறேன். 1921 மே மாதம் கர்நாடிக் மில்லில் தொடங்கிய தகராறு, ஜூனில் பக்கிங்காம் மில்லையும் பிடித்துக்கொண்டது. சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றி அப்போது மூன்றே ஆண்டுகள். சாதி இந்துத் தொழிலாளர்களும் முஸ்லிம் தொழிலாளர்களும் வேலைநிறுத்தத்தில் நின்றார்கள். ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வேலைக்குப் போனார்கள். பசியிலிருந்தவர்களுக்குள் சாதி புகுந்தது. ஜூன் கடைசியில் இந்தத் தெருக்களில் குடிசைகள் எரிந்தன. வீடிழந்த ஆதிதிராவிடர்களுக்கு வியாசர்பாடிப் பக்கம் அரசு முகாம் அமைத்தது. ஆகஸ்ட் 29 அன்று போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் போயின. அக்டோபரில் வேலைநிறுத்தம் முறிந்தது.

நூறாண்டு கடந்து இதை இன்று எதை வைத்துப் படிக்கிறோம்? அரசாங்கக் கோப்புகள், சட்டசபைப் பேச்சுகள், பத்திரிகைச் செய்திகள், தொழிற்சங்கத் தலைவர் திரு.வி.க.வின் 'வாழ்க்கைக் குறிப்புகள்', ஆதிதிராவிடர் தலைவர் எம்.சி. ராஜாவின் வாதங்கள். எல்லாம் தேவையான ஆவணங்கள். ஆனால் எல்லாம் பெரியவர்களுடையவை. அதிலும் தரப்பு எடுத்தவர்களுடையவை. கூரை பற்றியபோது உள்ளே இருந்த பத்து வயதுப் பெண் எதைத் தூக்கிக்கொண்டு ஓடினாள்? வேலைநிறுத்தக்காரர் வீட்டில் அடுப்பு மூட்டாத நாளில் பிள்ளை என்ன கேட்டது? இரண்டு பக்கத்துப் பிள்ளைகளும் அதற்கு முன் ஒரே குழாயடியில் நின்றவர்கள்தானே, மறுபடி எப்போது பேசிக்கொண்டார்கள்? கோப்பில் இதற்குப் பதில் இல்லை. அதனால்தான் இந்த ஊரின் அந்த ஆறு மாதம் இன்றுவரை தலைவர்களின் சண்டையாகவே படிக்கப்படுகிறது.

1921க்கு இனி வழியில்லை. ஆனால் இன்னொரு தலைமுறை நம்மிடையே உயிரோடு இருக்கிறது. 1962இல் பர்மாவில் நே வின் ஆட்சியைப் பிடித்தார். கடைகளும் தொழில்களும் அரசுடைமையாயின. 1964 மே மாதம் ஐம்பது, நூறு கியாட் நோட்டுகள் செல்லாது என்று அறிவித்தார்கள். அடுத்தடுத்த ஆண்டுகளில் கப்பல் கப்பலாகச் சென்னைத் துறைமுகத்தில் தமிழர்கள் வந்து இறங்கினார்கள். வியாசர்பாடி, எண்ணூர், திருவொற்றியூர்ப் பக்கம் குடியேறினார்கள். கடற்கரை ரயில் நிலையத்தருகே பர்மா பஜார் முளைத்தது. பர்மிய நூடுல்ஸ் உணவான அத்தோவை இன்று சென்னை முழுக்கச் சாப்பிடுகிறோம். அத்தோ கடை போட்ட அம்மா கப்பலேறிய அன்று என்ன வயது, எந்தத் தெருவில் இருந்தார், தோழியிடம் என்ன சொல்லிவிட்டு வந்தார் என்று எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்? 1964இல் பத்து வயதாயிருந்தவருக்கு இன்று எழுபதுக்கு மேல்.

இந்தப் பேட்டைக்கு வேறொரு சங்கடமும் உண்டு. மழை. கணேசபுரம் சுரங்கப்பாதை நிரம்பினால் அடுத்து யார் வீட்டுக்குள் தண்ணீர் வரும் என்று உங்களுக்குத் தெரியும். 2015இலும் 2023 மிக்ஜாம் புயலிலும் தண்ணீர் வடியப் பல நாளாயிற்று. அரிசி நனைந்தால் அடுத்த மாதம் வாங்கலாம். தாத்தாவின் மில் பாஸ், பர்மாவில் எடுத்த குடும்பப் படம், மறுவாழ்வுக்குக் கொடுத்த காகிதம், அம்மா எழுதிய கடிதம் நனைந்தால் போனது போனதுதான். லோட்ஸில் நோட்டுகள் அடுப்பில் போயின. இங்கே தண்ணீரில் போகின்றன.

5

ஆகவே சில யோசனைகள். ஆசிரியர்களும் மாணவர்களும் இந்த வாரமே தொடங்கக்கூடியவை.

முதலாவது, வீட்டுப் பெரியவரிடம் கேட்கும்போது, அப்போது உங்கள் மனநிலை என்ன என்று கேட்காதீர்கள். மூட்டையில் என்ன கட்டினீர்கள், யார் முன்னால் நடந்தார், அன்று என்ன சாப்பிட்டீர்கள், எதை விட்டுவிட்டு வந்தீர்கள் என்று கேளுங்கள். பொருளைக் கேட்டால் மனம் தானே வரும். 1946இலேயே பேராசிரியர் டேவிட் போடர் கம்பியில் ஒலிப்பதிவு செய்யும் கருவியைத் தூக்கிக்கொண்டு ஐரோப்பிய அகதி முகாம்களுக்குப் போய், பிழைத்தவர்களை அவரவர் மொழியிலேயே பேசவிட்டார். உங்கள் கையிலுள்ள போன் அதைவிட நல்ல கருவி.

இரண்டாவது, பேச்சைத் திருத்தாதீர்கள். பெரியவர் நம்ம மெட்ராஸ் பாஷையில் பேசினால் அப்படியே எழுதுங்கள். பர்மியச் சொல் வந்தால் அதையும் எழுதுங்கள். தேதியும் இடமும் சொன்னவர் வயதும் முதல் வரியில் இருக்கட்டும்.

மூன்றாவது, அனுமதி. ஓட்டோ ஃபிராங்க் மகளின் குறிப்பை முதலில் அச்சிட்டபோது, குடும்பத்தாரைப் பற்றிய சில பகுதிகளை நீக்கினார். அது சரியா என்று இன்றும் விவாதிக்கிறார்கள். நம்ம ஊரில் சாதி, கலவரம், கடன், காதல் எல்லாம் பேச்சில் வரும். இதை இப்போது வெளியிட வேண்டாம் என்று சொன்னால், உறையில் போட்டு ஒட்டி, எந்த ஆண்டு திறக்கலாம் என்று மேலே எழுதி வையுங்கள். அழிக்காதீர்கள்.

நான்காவது, பிரதி. ஒரு பிரதி வீட்டில், ஒன்று பள்ளியில், இன்னொன்று தரமணியிலுள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்ற ஓரிடத்தில். தண்ணீர் ஏறாத மாடியில் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

மாணவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. நீங்களும் எழுதுங்கள். வீடு இடித்துக் குடும்பத்தோடு பெரும்பாக்கத்துக்கு மாறிப்போகும் தோழனைப் பற்றி, தண்ணீர் புகுந்த ராத்திரியைப் பற்றி, பரீட்சையைப் பற்றி, அப்பாமேல் வந்த கோபத்தைப் பற்றி எழுதுங்கள். அழகாக எழுத வேண்டாம். அன்றே எழுதுங்கள், தேதி போட்டு எழுதுங்கள். ஆசிரியர்களே, அந்த நோட்டைச் சிவப்பு மையால் தொடாதீர்கள்.

நிறைவாக, இந்த அறக்கட்டளையை நடத்துவோருக்கு என் வேண்டுகோள். போல்கஸ்டைன் செய்தது ஒரே ஒரு காரியம்: கேட்டார். நீங்களும் கேளுங்கள். ஆண்டுதோறும் இந்தச் சொற்பொழிவு நாளன்று, புளியந்தோப்பு, வியாசர்பாடிக் குடும்பங்கள் எழுதியும் சொல்லியும் வைத்த நினைவுகளை இதே மேடையில் பெற்றுக்கொள்ளுங்கள். கொடுத்தவருக்குக் கையெழுத்திட்ட ரசீது கொடுங்கள். அடுத்த ஆண்டு இங்கே பேச வருகிறவர் என்னைப்போல் வெளிநாட்டு நோட்டுகளை மட்டும் நம்பிப் பேசும் நிலை இருக்கக் கூடாது. அதற்கான வேலை இன்று மாலையே தொடங்கட்டும்.